மேட்டகள்ளியில் கடல் ஏற்றம்

மைசூரில் கடல் கிடையாது. இதைச் சொல்லித்தான் தெரிந்துகொள்ள வேண்டும் என்கிற ஆள் உலகத்தில் யாரும் இருக்க மாட்டார்கள் என்று நினைத்திருந்தேன். என் வீட்டுக்காரருக்குச் சொல்ல வேண்டியிருந்தது. ஒரு தடவை இரண்டு தடவை இல்லை, ஐந்து மாதம், தினமும். மங்களூருக்குப் போனால் கடல் இருக்கிறது, கோழிக்கோட்டுக்குப் போனால் இருக்கிறது. மேட்டகள்ளியில் எங்கள் வீட்டுக்குக் கிட்டத்தில் இருக்கிற பெரிய நீர்நிலை, வாசலில் தரைக்கடியில் தண்ணீர் பிடித்து வைக்கிற சம்ப்புத் தொட்டிதான். அந்த வீட்டில் பனியனோடு உட்கார்ந்துகொண்டு இந்த மனுஷன் கடலை வைத்து ஒரு காலண்டர் கண்டுபிடித்தார்.

அவர் ரயில்வேயில் முப்பத்தாறு வருஷம் வேலை பார்த்தவர். வண்டி எத்தனை மணிக்கு எந்த ஸ்டேஷனை விட்டது என்று எழுதுகிற வேலை. ரிட்டையர் ஆன முதல் வருஷம் வீட்டுக் கேட்டுக்கு மூன்று தடவை பெயின்ட் அடித்தார். இரண்டாவது வருஷம் உகாதி முடிந்த மறுநாள் கடைக்குப் போய் ஒரு பெரிய சார்ட் பேப்பர், ஸ்கேல், நாலு கலர் ஸ்கெட்ச் பேனா வாங்கி வந்தார். அன்றைக்கு கம்பெனியில் இன்ஸ்பெக்‌ஷன் இருந்தது, கடை திறப்பதற்கு முன்பே நான் கிளம்பிப் போயிருந்தேன்.

ஹெப்பாள் பக்கம் ஒரு கம்பெனியில் நான் குவாலிட்டி செக்கிங் பிரிவில் இருக்கிறேன். ஆறு நாற்பதுக்கு கம்பெனி பஸ் வரும். சாயந்தரம் வீட்டுக்கு வந்து பார்த்தால் பிரிட்ஜுக்குப் பக்கத்துச் சுவரில் சார்ட் ஒட்டியிருந்தது. அந்தச் சுவரில் ஏற்கெனவே இரண்டு காலண்டர்கள் தொங்கும். ஒன்று நகைக்கடையில் கொடுத்த கன்னடக் காலண்டர். இன்னொன்று சேலத்திலிருந்து என் தங்கை வருஷாவருஷம் அனுப்புகிற தினசரிக் காலண்டர். எங்கள் வீட்டில் வருஷமே இரண்டு தடவை பிறக்கும். பக்கத்து வீட்டுக்காரம்மா வேப்பம்பூவும் வெல்லமும் கொண்டுவந்து கொடுத்தால் உகாதி. அப்புறம் நாங்கள் மாங்காய்ப் பச்சடி செய்தால் சித்திரை. போதாதென்று மூன்றாவது வருஷமும் பிறந்துவிட்டது.

“இது என்ன கண்றாவி?” என்று கேட்டேன்.

“கண்றாவி இல்ல, கணக்கு” என்றார். “மாசம்னா நிலா. ஒரு அமாவாசையிலேர்ந்து அடுத்த அமாவாசை. அது சரி. நாள்னா என்ன? ராத்திரி பன்னெண்டு மணிக்கு என்ன ஆகுது, சொல்லு? ஒண்ணும் ஆகல. கடல்ல பாரு, தண்ணி நெசமாவே ஏறுது, நெசமாவே வத்துது. ஒரு நிலாவுக்கு அம்பத்தேழு ஏற்றம். இன்னிக்கு முதல் நிலா, மூணாம் ஏற்றம்.”

“இங்க கடல் எங்கங்க இருக்கு?”

“மங்களூர்ல இருக்கு. போன்ல டைம் போடறான்.”

தலையில் அடித்துக்கொண்டு குக்கர் வைக்கப் போனேன்.

பேப்பரோடு நின்றிருந்தால் நான் ஏன் இதையெல்லாம் எழுதப் போகிறேன்? அந்தக் காலண்டர் சுவரிலிருந்து இறங்கி அடுப்படிக்கு வந்துவிட்டது. விடிந்த பிறகு வருகிற முதல் ஏற்றத்துக்குத்தான் காபி குடிப்பாராம். கடல் ஏற்றம் ஒரு நாளைக்கு ஐம்பது நிமிஷம் தள்ளிப் போகும் என்று அப்போதுதான் எனக்குத் தெரிந்தது. இன்றைக்கு ஆறு மணிக்குக் காபி என்றால் நாளைக்கு ஆறு ஐம்பது, அதற்கு மறுநாள் ஏழே முக்கால். ஒரு வாரத்தில் மத்தியானம் பன்னிரண்டு மணிக்குக் காலைக் காபி. நான் போட்டு பிளாஸ்க்கில் ஊற்றி வைத்துவிட்டுப் போனால் அது பாட்டுக்கு ஆறிக் கிடக்கும். ஞாயிற்றுக்கிழமைகளில் நான் சாப்பிட்டுக் கை கழுவுகிற நேரத்தில் போனில் அலாரம் அடிக்கும். “ஏறிடுச்சு!” என்று எழுந்து வருவார். எங்கே ஏறியது? யாருக்கு ஏறியது? எனக்குத்தான் ரத்தக் கொதிப்பு ஏறியது.

இதை நான் பொறுத்துக்கொண்டிருப்பேன். பொறுக்க முடியாமல் போனது எங்கள் பையனால்.

எங்களுக்கு ஒரே பையன். சரக்குக் கப்பலில் இன்ஜினியர். பொங்கல் முடிந்து கிளம்பிப் போனான். ஆறு மாசக் காண்ட்ராக்ட், ஆடி முடிவதற்குள் வந்துவிட வேண்டும். காலையில் தினசரிக் காலண்டர் தாளைக் கிழிக்கும்போதே வாய்விட்டு எண்ணுவேன். இன்னும் நூற்றுப் பத்து, இன்னும் நூற்றொன்பது என்று. எத்தனையோ அம்மாக்கள் மனசுக்குள் எண்ணுவார்கள். எனக்கு மனசுக்குள் பேசத் தெரியாது.

அவனுக்கு இருபத்தொன்பது வயசாகிறது. போன லீவில் நாற்பது நாள் இருந்தான், நாலு பெண் பார்த்தோம். எதுவும் அமையவில்லை. அவன் போன பிறகு கொள்ளேகாலில் ஒரு கல்யாணத்தில் அந்தப் பக்கத்து ராமாபுரம் கிராமத்துப் பெண் ஒருத்தியைப் பார்த்தேன். மஞ்சளும் மக்காச்சோளமும் போடுகிற குடும்பம், பெண் டீச்சர் வேலை பார்க்கிறாள். பந்தியில் ஒரு பெரியம்மாவுக்கு இலையை மாற்றிப் போட்ட விதத்திலேயே எனக்குப் பிடித்துவிட்டது. அவள் அம்மாவிடம் பேசினேன். “ஆடி கடைசியில பையன் வந்துடுவான். ஆவணி முதல் முகூர்த்தத்துல பொண்ணு பாக்க வர்றோம்” என்று வாக்குக் கொடுத்தேன். அந்த அம்மா என்னை நம்பி, வந்த இன்னொரு இடத்தைத் தள்ளி வைத்துவிட்டாள். அதனால்தான் எனக்கு அந்தத் தேதி வேண்டியிருந்தது. என் வாக்கும் ஒரு பெண்ணின் ஆவணி மாசமும் அதில் மாட்டிக்கொண்டிருந்தன.

பையனிடம் கேட்டால், “அப்பாகிட்ட சொல்லிருக்கேன்மா, இங்க நெட் கட் ஆகுது” என்பான். உடனே கட் ஆகிவிடும். அப்பாவிடம் கேட்டால், “நாலாம் நிலா முடிஞ்சு வருவான்” என்பார்.

“அது எந்தத் தேதி?”

“அதான் சொன்னேனே.”

“இங்கிலீஷ் தேதி சொல்லுங்க. இல்லாட்டி தமிழ்த் தேதி சொல்லுங்க. அதுவும் இல்லாட்டி கன்னடத்துலயாவது சொல்லுங்க.”

“கப்பல் நம்ம தேதிக்கா ஓடுது? கடல் தேதிக்குத்தான் ஓடுது.”

நானும் பி.எஸ்.சி. கணக்குப் படித்தவள்தான். ஒரு ஞாயிற்றுக்கிழமை பேனாவை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தேன். நிலா மாசத்துக்கு இருபத்தொன்பதரை நாள். அது நம் மாசத்தைவிடக் குறைச்சல். உகாதியிலிருந்து நாலு நிலா ஆடி முடிவதற்கு முன்பே முடிய வேண்டும், தள்ளிப் போகக் கூடாது. அவருடைய கணக்கில் அவரையே மாட்டிவிட்டேன். சார்ட்டுக்கு முன்னால் கூட்டிப் போய்க் காட்டினேன்.

கொஞ்ச நேரம் தாடையைச் சொறிந்தார். அப்புறம், “நடுவுல ஒரு அதிக மாசம் வருது” என்றார்.

மைசூரில் குடியிருக்கிறவர்களுக்கு அதிக மாசம் என்றால் என்னவென்று தெரியும். கன்னடக்காரர்கள் பஞ்சாங்கத்தில் இரண்டு மூன்று வருஷத்துக்கு ஒரு தடவை ஒரு மாசம் கூடுதலாக வரும், அதில் நல்ல காரியம் எதுவும் வைக்க மாட்டார்கள். நம் பக்கத்தில் அந்த வழக்கம் கிடையாது. சரி, இருக்குமோ என்று மதில் ஓரமாய்ப் போய்ப் பக்கத்து வீட்டு அம்மாவிடம் கேட்டேன். அவர் கன்னடத்தில், “ஈ வர்ஷ அதிக மாச இல்லா ரீ” என்று ஒரே வார்த்தையில் முடித்துவிட்டார்.

திரும்பி வந்து, “இந்த வருஷம் அதிக மாசமே இல்லையாம்” என்றேன்.

“அது அவங்க காலண்டர். இது என் காலண்டர்” என்றார்.

எனக்கு வந்த கோபத்துக்கு அந்த சார்ட்டைக் கிழித்து அடுப்பில் போட்டிருப்பேன். கேஸ் அடுப்பாகப் போயிற்று.

இதற்கு நடுவில் ராமாபுரத்து அம்மா வாராவாரம் போன் செய்வாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை நான் குளித்துக்கொண்டிருந்தபோது இவர் எடுத்துப் பேசியிருக்கிறார். என்ன பேசினார் என்று கேட்டதற்கு “சும்மா விசாரிச்சாங்க” என்றார். விஷயம் அடுத்த வாரம்தான் எனக்குத் தெரிந்தது.

“ஏனுங்க அக்கா, அண்ணன் ஆறாம் நிலா, பத்தாம் ஏற்றத்துல வர்றோம்னு சொன்னாருங்க. எங்க வீட்டுக்காரரு எங்கூரு ஐயருகிட்டக் கேட்டாரு. அவரு பஞ்சாங்கத்தப் புரட்டிப் புரட்டிப் பாத்துட்டு அப்பிடி ஒண்ணு இல்லைங்கறாரு. உங்க பக்கத்து வழக்கமுங்களா அது? சொன்னீங்கன்னா நாங்களும் அதும்படி செஞ்சுருவமுங்க.”

அந்த அம்மா கேலி செய்யவில்லை. அதுதான் என்னால் தாங்க முடியாமல் போனது. சம்பந்தி வீட்டு வழக்கம் எதுவாக இருந்தாலும் அனுசரித்துப் போக வேண்டும் என்று ஒரு குடும்பமே பஞ்சாங்கத்தில் கடல் ஏற்றம் தேடிக்கொண்டிருக்கிறது! “இல்லைங்க, அவர் ரிட்டையர் ஆனவர், விளையாட்டுக்குச் சொல்லியிருப்பார். ஆவணியில கண்டிப்பா வர்றோம்” என்று சமாளித்தேன். போனை வைத்துவிட்டு அவரைக் கேட்ட கேள்வியெல்லாம் இங்கே எழுத முடியாது. எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு, ஸ்கெட்ச் பேனாவுக்கு மூடி போட்டார்.

ஆடி முடிந்தது. ஆவணியும் பிறந்தது. பையன் வரவில்லை. காலையில் காலண்டர் தாளைக் கிழித்துவிட்டு எண்ண ஒன்றும் இல்லாமல் நின்றேன். “எப்போ?” என்று கேட்டேன். அவர் சார்ட்டைப் பார்த்து, “இன்னொரு அதிக நிலா இருக்கு” என்றார்.

இரண்டாவது அதிக நிலாவாம்! உலகத்தில் எந்தப் பஞ்சாங்கத்திலாவது அடுத்தடுத்து இரண்டு வருமா? அன்றைக்கு நான் கம்பெனி பஸ்ஸை விட்டுவிட்டேன். பத்து மணிக்கு அவர் ரேஷன் கடைக்குக் கிளம்பிப் போனதும் பீரோவைத் திறந்தேன். பையனின் காகிதங்கள் இருந்த பையில், கப்பலுக்கு ஆள் எடுக்கிற சென்னை ஆபீஸின் நம்பர் இருந்தது. போன் செய்தேன். ஒரு பெண் எடுத்தாள். பையன் பெயர், கப்பல் பெயர் எல்லாம் சொல்லி, அவனை ஏன் இன்னும் இறக்கவில்லை, மனுஷனா மாடா அவன், ஆறு மாசம் என்று சொல்லி எட்டு மாசம் ஆகப் போகிறதே என்று ஒரு மூச்சு கத்தினேன்.

அவள் பொறுமையாகக் கேட்டுக்கொண்டு கம்ப்யூட்டரில் பார்த்தாள். “மேடம், நாங்க நிறுத்தி வைக்கல. அவரேதான் எக்ஸ்டென்ஷன் கேட்டிருக்கார். உகாதி லீவுக்கு அடுத்த நாளே மெயில் போட்டிருக்கார்” என்றாள்.

உகாதிக்கு அடுத்த நாள். அன்றைக்குத்தான் இவர் சார்ட் பேப்பர் வாங்கி வந்தார்.

அவர் அரிசிப் பையைத் தூக்கிக்கொண்டு உள்ளே வரும்வரை நான் ஹாலில் உட்கார்ந்தே இருந்தேன். பையை அவர் கீழே வைக்கக்கூட விடவில்லை. “சென்னைக்குப் போன் பண்ணேன்” என்றேன்.

அவர் எதுவும் மறைக்கவில்லை. பையைச் சுவரோரம் சாய்த்து வைத்துவிட்டு எதிரில் உட்கார்ந்தார்.

“உகாதி அன்னிக்கு மத்தியானம் எனக்குப் போன் பண்ணான். நீ பக்கத்து வீட்ல இருந்தே. ‘அப்பா, நான் இப்ப வரலப்பா. இன்னும் கொஞ்ச நாள் இங்கயே இருந்துக்கறேன்’னான். ஏண்டான்னேன். ‘போன தடவ நாப்பது நாள் வந்தேன். நாலு வீட்டு சோபாவுல உட்கார்ந்தேன். நம்ம வீட்டு சோபாவுல உட்காரவே இல்ல. வேண்டாம்னு சொன்னா அம்மா அழறாங்க. சரின்னு சொல்ல எனக்கு மனசு வரல. வந்தாதானே இதெல்லாம்’னான்.”

“இதை ஏன் என்கிட்ட சொல்லல?”

“என்னன்னு சொல்றது? உனக்கு பயந்துகிட்டு உன் புள்ள வீட்டுக்கு வரலன்னா?”

அவர் தொடர்ந்து பேசினார். கல்யாணமான முப்பத்திரண்டு வருஷத்தில் அவ்வளவு நீளமாக அவர் பேசி நான் கேட்டதில்லை.

“நீ தினம் கிழிச்சுக் கிழிச்சு எண்றே. எனக்குக் காதுல விழுந்துகிட்டே இருக்கு. ஒரு பொய்த் தேதி சொல்லிடலாம்னு பார்த்தேன். எனக்கு வரல. முப்பத்தாறு வருஷம் நேரம் எழுதினவன், ஒரு நாள் தப்பு நேரம் எழுதல. அதோட, பொய்த் தேதின்னாலும் அந்தத் தேதி ஒரு நாள் வந்துடும்ல? அன்னிக்கு நீ வாசல்ல நிப்பே. அதான், நீ எண்ண முடியாத மாதிரி ஒண்ணு வேணும்னு பார்த்தேன்.”

“அதுக்கு மங்களூர்க் கடலா?”

“அதுல மட்டும் ஒரு பொய்யும் இல்ல. வேணும்னா செக் பண்ணிப் பாரு. ஒவ்வொரு ஏற்றமும் சரியா இருக்கும்.”

கத்தினேன். நன்றாகவே கத்தினேன். ஊரான் வீட்டுப் பெண்ணை ஐந்து மாதம் காக்க வைத்தீர்களே, என்னைப் பைத்தியக்காரி ஆக்கினீர்களே, அப்பனும் பிள்ளையும் சேர்ந்து என்னைப் பார்த்துச் சிரித்தீர்களா என்றெல்லாம். “சிரிக்கல” என்று மட்டும் சொன்னார். எனக்கும் தெரியும், அவர் சிரித்திருக்க மாட்டார். கத்திக்கொண்டே இருந்தபோதே எனக்கு உள்ளே வேறொன்று ஓடிக்கொண்டிருந்தது. மூன்றாவது பெண் வீட்டிலிருந்து திரும்பி வரும்போது பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து, “அம்மா, நாளைக்கு ஒரு நாள் வீட்ல தூங்கட்டுமா?” என்று அவன் கேட்டான். நாலாவது வீட்டுக்கு நேரம் சொல்லியாகிவிட்டது என்று நான் சொன்னேன். அது அப்போது எனக்கு ஒரு விஷயமாகவே படவில்லை.

ராமாபுரத்துக்கு நானே போன் செய்தேன். இதை அவரைச் செய்ய விடக் கூடாது என்று தோன்றியது. சுற்றி வளைக்காமல் சொன்னேன். “பையன் வரலம்மா. கப்பல் மேல தப்பில்ல. நான் அவனைக் கேக்காமலே உங்களுக்கு வாக்குக் கொடுத்துட்டேன். அவனுக்கு இப்ப கல்யாணம் வேண்டாமாம். நீங்க வேற இடம் பாருங்க. என்னை மன்னிச்சிடுங்க.”

அந்தப் பக்கம் ஏதோ மெஷின் ஓடுகிற சத்தம் கேட்டது.

“சரிங்க அக்கா” என்றாள். “இதை மொதல்லயே சொல்லியிருந்தா நல்லா இருந்திருக்குமுங்க.” அவ்வளவுதான். திட்டியிருந்தால் எனக்குக் கொஞ்சம் தேவலையாக இருந்திருக்கும்.

பிறகு பையனுக்கு எழுத உட்கார்ந்தேன். எழுதியதை மூன்று தடவை அழித்தேன். முதலில் எழுதியதில் ஒரே திட்டு. இரண்டாவதில் ஒரே அழுகை. மூன்றாவதில், “நீ வந்ததும் பொறுமையாகப் பேசிக்கலாம்” என்று எழுதிவிட்டு நானே படித்துப் பார்த்தேன். அதிலும் நாலு வீட்டு சோபா தெரிந்தது. கடைசியில் இவ்வளவுதான் அனுப்பினேன்: “அப்பா சொல்லிட்டாங்க. பொண்ணு வீட்ல வேண்டாம்னு சொல்லிட்டேன். நீ வந்தா வீட்ல இரு, தூங்கு. நான் எதுவும் கேக்க மாட்டேன்.”

பூமியின் எந்த மூலையில் இருந்தானோ தெரியவில்லை. நான் எழுந்து அரிசி களைந்து குக்கரில் வைத்துத் திரும்புவதற்குள் பதில் வந்துவிட்டது.

“தீபாவளிக்கு நாலு நாள் முன்னாடி வந்துடறேன்மா. இன்னிக்கே ஆபீஸ்ல சொல்லிடறேன்.”

ஐந்து மாதமாகக் கேட்ட தேதி. இங்கிலீஷிலும் கேட்டேன், தமிழிலும் கேட்டேன், கன்னடத்திலும் கேட்டேன். ஐந்து நிமிஷம்கூட ஆகவில்லை. போனைக் கையில் வைத்துக்கொண்டு சமையலறைத் தரையிலேயே உட்கார்ந்துவிட்டேன். அழுகையை அடக்கவே முடியவில்லை.

அவர் ஹாலிலிருந்து எட்டிப் பார்த்தார். பயந்து போயிருந்தார். கிட்டே வந்து குனிந்து என் கையில் இருந்த போனைப் படித்தார். முகம் முழுக்க மலர்ந்துவிட்டது.

“வர்றான்ல! அப்புறம் எதுக்கு அழறே?” என்றார்.

“வர்றான்” என்றேன். “நான் வாயைத் திறக்காம இருந்தா வர்றேங்கறான்.”